வரைந்து முடித்த கதையில் எழுத என்ன இருக்கிறது?

காமிக்ஸைத் திரைக்கதையாக்குகிறவர்களைப் பற்றிப் பேச்செடுத்தால் பெரும்பாலும் ஒரே கேள்விதான் வரும்: "எல்லாவற்றையும்தான் வரைந்தே வைத்திருக்கிறார்களே, அப்புறம் எழுத என்ன இருக்கிறது?" நாவலைத் திரைக்குக் கொண்டுவருகிறவரிடம் யாரும் இப்படிக் கேட்பதில்லை. சொற்களைக் காட்சிகளாக மாற்றுவது பெரிய வேலை என்று எல்லோரும் ஒப்புக்கொள்கிறார்கள். காமிக்ஸிலோ முகம் இருக்கிறது, உடை இருக்கிறது, கோணம் இருக்கிறது, பேச்சும் பலூனுக்குள் தயாராக இருக்கிறது. கேமராவைக் கொண்டுபோய் வைக்க வேண்டியதுதான் பாக்கி என்று தோன்றிவிடுகிறது. நெடுங்காலமாக காமிக்ஸ் வாசிக்கிறேன். திரைக்கதைப் பிரதி கிடைக்கும்போதெல்லாம் மூலக் கதையைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இரண்டையும் வரி வரியாக ஒப்பிட்டுப் பார்ப்பதும் என் பழக்கம். பார்க்கப் பார்க்க அந்தக் கேள்வியின் மேல் எனக்குக் கோபம் ஏறிக்கொண்டே போகிறது. திரைத்துறையின் மிகக் கடினமான வேலைகளில் ஒன்றை அது ஒரே வரியில் இல்லாமல் ஆக்கிவிடுகிறது.

காமிக்ஸ் பக்கத்தில் எல்லாம் இருக்கிறது, காலம் மட்டும் இல்லை. அதை வாசகர்தான் தன்னோடு கொண்டுவருகிறார். பிடித்த கட்டத்தில் ஐந்து நிமிடம் நிற்கலாம். அடுத்த பத்துக் கட்டங்களைக் கண்ணால் தடவிவிட்டுப் போய்விடலாம். முந்தைய பக்கத்துக்குத் திரும்பி ஒரு முகத்தை மறுபடி பார்த்துவிட்டு வரலாம். ஒரு கட்டத்துக்கும் அடுத்த கட்டத்துக்கும் நடுவே ஒரு வெள்ளை இடைவெளி. அதற்குள் ஒரு விநாடியும் கழியலாம், ஒரு தலைமுறையும் கழியலாம். ஸ்காட் மெக்ளவுட் 1993-ல் காமிக்ஸ் வடிவிலேயே வெளியிட்ட 'அண்டர்ஸ்டாண்டிங் காமிக்ஸ்' நூல் இந்த இடைவெளியைத்தான் இக்கலையின் மையமாக வைத்துப் பேசுகிறது. கட்டத்தில் இருப்பதை ஓவியர் வரைகிறார். இடைவெளியில் நடப்பதை வாசகரின் மனம் வரைந்துகொள்கிறது.

திரையரங்கில் உட்கார்ந்திருப்பவருக்கு அந்தச் சுதந்திரம் கிடையாது. படம் அவருக்காக நிற்காது. எந்த முகத்தை எவ்வளவு நேரம் பார்க்க வேண்டும், எது முதலில் தெரிய வேண்டும், எதைச் சொல்லாமல் தாண்டிவிடலாம் என்பதையெல்லாம் யாரோ ஒருவர் முன்கூட்டியே தீர்மானித்தாக வேண்டும். இயக்குநரும் படத்தொகுப்பாளரும் வந்து சேர்வதற்கு முன்பே, வெற்றுத்தாளின் முன் அமர்ந்து அந்தத் தீர்மானத்தை எடுக்கத் தொடங்குகிறவர் திரைக்கதையாசிரியர். காமிக்ஸ் தழுவலில் அவர் எழுதுவது பெரும்பாலும் அந்த வெள்ளை இடைவெளிக்குள்தான்.

பேட்மேனை எடுத்துக்கொள்வோம். அவன் பேட்மேன் ஆன கதை முதன்முதலாகச் சொல்லப்பட்டது 1939 நவம்பரில், 'டிடெக்டிவ் காமிக்ஸ்' 33-ஆம் இதழில். மொத்தமே இரண்டு பக்கம். தெருவில் ஒரு கொள்ளைக்காரன் சிறுவன் புரூஸின் பெற்றோரைச் சுட்டுக் கொல்கிறான். மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் கைகளைக் கோத்தபடி, குற்றவாளிகள் மேல் போர் தொடுப்பேன் என்று சிறுவன் சபதம் செய்கிறான். உடனே வரும் கட்டத்தில் அவன் வளர்ந்த ஆள், ஆய்வுக்கூடத்தில் சோதனைக் குழாயோடு நிற்கிறான். இன்னொரு கட்டத்தில் பெரும் எடையைத் தலைக்கு மேல் தூக்குகிறான். பிறகு திறந்த ஜன்னல் வழியாக ஒரு வௌவால் வருகிறது, அவனுக்கு வேடம் கிடைத்துவிடுகிறது. சபதத்துக்கும் சோதனைக் குழாய்க்கும் நடுவே அவனுடைய இளமை முழுவதும் கழிந்துவிட்டது. வாசகருக்கு அதில் எந்தக் குறையும் தெரிவதில்லை. பக்கம் அவ்வளவு உறுதியாக நிற்கிறது.

2005-ல் வந்த 'பேட்மேன் பிகின்ஸ்' படத்தின் திரைக்கதையை டேவிட் எஸ். கோயரும் கிறிஸ்டோபர் நோலனும் எழுதினார்கள். 140 நிமிடப் படம். அதன் முன்பாதியில் பெரும்பகுதி அந்த ஒரே ஒரு இடைவெளிதான். சபதம் செய்த சிறுவன் இளைஞனாகி, சட்டைக் கைக்குள் துப்பாக்கியை மறைத்துக்கொண்டு நீதிமன்றத்துக்கு வருகிறான். பெற்றோரைக் கொன்றவன் எதிரே நடந்து வருகிறான். இவன் கை உயர்வதற்குள் வேறொருத்தி முந்திக்கொண்டு அவனைச் சுட்டுவிடுகிறாள். பழிவாங்கும் சந்தர்ப்பத்தையே பறிகொடுத்தவன் அதற்குப் பிறகு எதைப் பிடித்துக்கொண்டு வாழ்வான்? 1939-ன் இரண்டு பக்கங்களுக்கு இந்தக் கேள்வி தேவைப்படவில்லை. இரண்டரை மணி நேரம் ஓட வேண்டிய படத்துக்கு இது இல்லாமல் ஓர் அடி நகர முடியாது. கோயரும் நோலனும் வெறுங்கையோடு தொடங்கவில்லை என்பதும் உண்மை. டென்னிஸ் ஓ'நீல் எழுதி 1989-ல் வெளியான 'தி மேன் ஹூ ஃபால்ஸ்' என்ற சிறிய காமிக்ஸ் கதை புரூஸின் அலைச்சல் ஆண்டுகளைத் தொட்டிருந்தது. சிறுவன் நிலத்தடிக் குகைக்குள் தவறி விழுந்து வௌவால்களைக் கண்டு மிரளுவது அதிலும் உண்டு. எங்கோ ஒரு மூலையில் கிடந்த அந்தக் கதையைத் தேடிப்பிடித்து, இதுதான் படத்தின் முதுகெலும்பு என்று கண்டுகொள்வதும் எழுத்து வேலையின் ஒரு பகுதிதான். அதற்கு அசாத்தியமான வாசிப்பு வேண்டும்.

காலம் என்பது பெரிய ஆண்டுக்கணக்காகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. 1978-ல் வந்த 'சூப்பர்மேன்' படத்தில் ஒரு காட்சி. தான் விரும்பும் லோயிஸை வானத்தில் அழைத்துப்போய்ச் சுற்றிக் காட்டிவிட்டுச் சற்று நேரத்தில், சூப்பர்மேன் தன் சாதாரண மனித வேடமான, கூச்சம் பிடித்த கிளார்க்காக அவள் வீட்டுக் கதவைத் தட்டுகிறான். அவள் உள்ளே போகிறாள். தனியாக நிற்கும் கிளார்க் கண்ணாடியைக் கழற்றுகிறான். கூனல் நிமிர்கிறது, தோள் விரிகிறது, அவள் பெயரைச் சொல்லும் குரல் தாழ்ந்து கனக்கிறது. சொல்லிவிடப் போகிறான் என்று நமக்குத் தெரிகிறது. பிறகு தைரியம் கரைகிறது, கண்ணாடி மூக்குக்குத் திரும்புகிறது, கூனல் வந்து உட்கார்ந்துகொள்கிறது. காமிக்ஸில் இதற்கு இரண்டு கட்டங்கள் போதும்: ஒன்றில் கிளார்க், அடுத்ததில் சூப்பர்மேன். ஒருவன் இன்னொருவனாக மாறுவதும், மாறத் துணியாமல் திரும்புவதும் அந்த இரண்டுக்கும் நடுவே ஒளிந்திருந்தன. கிறிஸ்டோபர் ரீவின் நடிப்பை எல்லோரும் புகழ்கிறார்கள், புகழ வேண்டியதுதான். லோயிஸை அடுத்த அறைக்கு அனுப்பி, அவனைச் சில விநாடிகள் தனியே நிறுத்திய அமைப்பையும் சேர்த்துப் புகழ வேண்டும் என்பேன்.

எல்லாக் காமிக்ஸும் இப்படி இடம் கொடுப்பதில்லை. 'வாட்ச்மென்' கொடுக்கவே கொடுக்காது. ஆலன் மூர் எழுதி டேவ் கிப்பன்ஸ் வரைந்து 1986, 1987 ஆண்டுகளில் 12 இதழ்களாக வந்த கதை. முதல் பக்கத்தை மட்டும் பாருங்கள். ரத்தம் வழியும் சாக்கடை ஓரம் ஒரு மஞ்சள் சிரிப்புப் பொத்தான். கட்டத்துக்குக் கட்டம் நம் பார்வை மேலே மேலே போகிறது. நடைபாதை, ரத்தத்தைக் கழுவிவிடும் ஆள், பதாகையோடு நடக்கும் ஒருவன் எல்லோரும் சிறுத்துக்கொண்டே போகிறார்கள். ஏழாவது கட்டத்தில் பல மாடி உயரத்து உடைந்த ஜன்னலிலிருந்து ஒருவர் கீழே எட்டிப் பார்க்கிறார். கேமரா பின்வாங்கும் அசைவு போலவே இருப்பதால், எடுப்பது சுலபம் என்று முதலில் தோன்றும். அந்தப் பக்கத்தின் மேலே ஒருவனுடைய நாட்குறிப்பு ஓடிக்கொண்டிருக்கிறது. எழுத்தை வாசிக்கும் வேகம் வேறு, படத்தைப் பார்க்கும் வேகம் வேறு. இரண்டும் ஒன்றையொன்று உரசி ஒரு மூன்றாவது அர்த்தத்தை உண்டாக்குகின்றன. குரலாகப் பதிவுசெய்து ஓடவிட்டால் அந்த உரசல் போய்விடும், வேகம் ஒன்றாகிவிடும்.

நான்காவது இதழ் அதைவிடக் கொடுமையான சோதனை. கதையின் அதிமனிதரான டாக்டர் மன்ஹாட்டன் செவ்வாய்க் கோளில் தனியே உட்கார்ந்திருக்கிறார். கடந்ததும் வருவதும் அவருக்கு ஒரே நேரத்தில் நிகழ்பவை. ஒரு பழைய புகைப்படம் அவர் கையில் இருக்கிறது. அதே புகைப்படம் செம்மண்ணில் விழுந்தும் கிடக்கிறது. இரண்டும் ஒரே பக்கத்தில், பக்கத்துப் பக்கத்துக் கட்டங்களில். பக்கத்தைத் திறந்தவுடன் கண் எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்துவிடுவதால், அவர் காலத்தை உணரும் விதத்தை நாமும் உணர்ந்துவிடுகிறோம். திரையில் ஒன்று முடிந்தால்தான் இன்னொன்று. டெர்ரி கில்லியம் 1980-களின் இறுதியில் இதைப் படமாக்க முயன்று, இரண்டு மணி நேரத்துக்குள் அடங்காது, தொடராக எடுத்தால்தான் உண்டு என்ற முடிவுக்கு வந்தார். அவருக்கு முன்பே ஒரு வரைவை எழுதியிருந்தவர் சாம் ஹாம். புதிய நூற்றாண்டின் தொடக்கத்தில் டேவிட் ஹெய்ட்டர் புதிதாக எழுதினார். படம் ஒரு ஸ்டூடியோவிலிருந்து இன்னொன்றுக்கு, அங்கிருந்து மற்றொன்றுக்கு என்று கைமாறியது. கடைசியில் அலெக்ஸ் ட்சே மாற்றி எழுத, ஸாக் ஸ்னைடர் இயக்கி 2009-ல் 162 நிமிடப் படமாக வந்தது.

அந்தப் படத்தின் மீது எனக்குக் குறைகள் உண்டு. சண்டைகளில் எலும்பு முறியும் ஓசைமீது அதற்கு இருக்கும் ஆசை மூலத்தின் சோர்வுக்கும் சலிப்புக்கும் நேர் எதிரானது. ஆனாலும் செவ்வாய்க் கோள் பகுதி வரும்போது வாயடைத்துப்போகிறேன். ஃபிலிப் கிளாஸின் இசைமீது பில்லி கிரடப்பின் உணர்ச்சியற்ற குரல் ஆண்டுகளை முன்பின்னாக அடுக்கிக்கொண்டே போகிறது. எல்லாவற்றையும் நிகழ்காலத்திலேயே சொல்கிறது. ஒரே நேரத்தில் காட்ட முடியாததை, 'இப்போது' என்ற உணர்வை விடாமல் பிடித்துக்கொண்டு ஈடுகட்டியிருக்கிறார்கள். முடிவையும் மாற்றினார்கள். மூலத்தில் நியூயார்க் நகரத்தின் நடுவே வந்து விழும் ராட்சத உயிரிக்குப் பதில், படத்தில் பல நகரங்கள் வெடித்து அழிகின்றன, பழி மன்ஹாட்டன்மீது போடப்படுகிறது. ரசிகர்கள் இன்றுவரை சண்டை போடுகிறார்கள். என் கட்சி மாற்றியவர்கள் பக்கம். அந்த உயிரியை நம்பவைக்க மூலத்தில் ஒரு முழுத் துணைக்கதை இதழ் இதழாக ஓடுகிறது. காணாமல் போகும் கலைஞர்களும் எழுத்தாளர்களும், ஒரு தீவும் அதற்காகவே இருக்கிறார்கள். 162 நிமிடத்தில் அதற்கு இடமே இல்லை. ஏற்கெனவே கதைக்குள் இருக்கும் மன்ஹாட்டனையே காரணமாக்கியது சிக்கனமான, நேர்மையான தீர்வு.

ஹெய்ட்டரின் தொழில்வாழ்க்கை இந்தத் துறை எப்படி இயங்குகிறது என்பதற்கு நல்ல உதாரணம். நடிப்பில் தொடங்கியவர். 1994-ல் மங்கா எனப்படும் ஜப்பானியக் காமிக்ஸ் ஒன்றின் தழுவலில் கதாநாயகன். 1998-ல் 'மெட்டல் கியர் சாலிட்' வீடியோ விளையாட்டில் ஸ்னேக் பாத்திரத்துக்கு அவர் கொடுத்த கரகரத்த குரலை உலகெங்கும் விளையாட்டு ரசிகர்கள் இன்றும் அடையாளம் சொல்வார்கள். 'எக்ஸ்-மென்' தயாரிப்பில் அவர் நுழைந்தது எழுத்தாளராக அல்ல, சில்லறை உதவி வேலைகளுக்காக. காமிக்ஸ் தெரிந்தவர் என்பதால் காட்சிகளைப் பற்றி யோசனை சொல்லப்போய், எழுதும் பொறுப்பே அவரிடம் வந்தது. படம் 2000-ல் வெளியானபோது திரைக்கதை என்ற இடத்தில் அவர் பெயர் மட்டுமே இருந்தது. வேறு பலரும் அந்தத் திரைக்கதையில் கைவைத்திருந்தார்கள் என்பது அப்போதே பரவலாகத் தெரிந்த செய்தி.

அந்த வேலையின் அளவைச் சற்று எண்ணிப்பாருங்கள். 1963-ல் ஸ்டான் லீயும் ஜாக் கிர்பியும் தொடங்கியது 'எக்ஸ்-மென்'. 2000-க்குள் 37 ஆண்டுக் கதை சேர்ந்துவிட்டது. இறந்து பிழைத்தவர்கள், எதிர்காலத்திலிருந்து வந்தவர்கள், கட்சி மாறியவர்கள் என்று பாத்திரங்கள் நூற்றுக்கணக்கில். படமோ 104 நிமிடம். அந்தப் படம் முகமூடி வீரர்களோடு தொடங்கவில்லை. 1944, போலந்து, கொட்டும் மழை. வதைமுகாமில் பெற்றோரிடமிருந்து இழுத்துப் பிரிக்கப்படும் ஒரு யூதச் சிறுவன் கையை நீட்டுகிறான், இரும்புக் கதவு அவனை நோக்கி வளைகிறது. கதையின் வில்லன் மக்னீட்டோ வதைமுகாமிலிருந்து பிழைத்தவன் என்பது தொடக்கத்தில் காமிக்ஸில் இல்லவே இல்லை. கிறிஸ் கிளேர்மான்ட் 1981-ல் கொண்டுவந்த செய்தி அது. 37 ஆண்டுகளின் நடுவே எங்கோ இருந்த அதை எடுத்து முதல் காட்சியாக வைத்தவுடன், வில்லனுடைய கோபத்துக்கு அதற்குமேல் விளக்கமே தேவைப்படவில்லை. பிறவியிலேயே அபூர்வ சக்தி கொண்ட 'மியூட்டன்ட்' சிறுபான்மையினரைப் பதிவேட்டில் பதியச் சொல்லும் சட்டத்தைப் பற்றிச் செனட்டர் ஒருவர் பேசும்போது, மக்னீட்டோ ஏன் அவ்வளவு ஆத்திரப்படுகிறான் என்பதும் அங்கேயே புரிந்துவிடுகிறது.

ஹெய்ட்டர் 2003-ல் இரண்டாம் பாகத்திலும் பங்கெடுத்தார். பிறகு 'பிளாக் விடோ' படத்தை எழுதி இயக்க ஒப்பந்தமானார். திரைக்கதையும் எழுதினார். 2006 வாக்கில் அந்த முயற்சி கைவிடப்பட்டது. அந்தப் பாத்திரத்தின் பெயரில் 2021-ல் வந்த படம் வேறொரு நிறுவனத்தினுடையது, வேறு எழுத்தாளர்களுடையது. இந்தத் தொழிலில் இருக்கும் எவரை எடுத்தாலும் இப்படி எடுக்கப்படாத திரைக்கதைகள் இருக்கும். கோயர் 'ஃபிளாஷ்' பாத்திரத்துக்காகப் பாடுபட்டது படமாகவில்லை. சாம் ஹாமின் 'வாட்ச்மென்' படமாகவில்லை. எழுத்தாளரின் பட வரிசையைப் பார்த்து அவருடைய உழைப்பை அளக்க நினைப்பவர்கள் பாதியைக்கூடப் பார்ப்பதில்லை. நாவலாசிரியர் பிரசுரமாகாத கையெழுத்துப் பிரதியை இன்னொரு பதிப்பாளரிடம் கொண்டுபோகலாம். பேட்மேனைப் பற்றி எழுதிய திரைக்கதையை எங்கே கொண்டுபோவது? பாத்திரம் அவருடையது அல்லவே.

அதனால்தானோ என்னவோ, பெரிய பாத்திரங்களைவிட யாரும் கண்டுகொள்ளாத பாத்திரங்களில் எழுத்தாளர்கள் நன்றாக மூச்சுவிடுகிறார்கள். கோயருக்கு உண்மையான பெயர் வாங்கிக்கொடுத்தது 1998-ன் 'பிளேடு'. 1973-ல் மார்வ் வுல்ஃப்மனும் ஜீன் கோலனும் ஒரு டிராகுலா காமிக்ஸில் துணைப் பாத்திரமாக உருவாக்கிய ஆள். மரக்கத்திகளோடு திரியும் ரத்தக்காட்டேரி வேட்டைக்காரன். கோயரின் கையில் அவன் பாதி மனிதன், பாதி ரத்தக்காட்டேரி. தன் தாகத்தோடு தானே போராடுகிறவன். பின்னாளில் காமிக்ஸே படத்து பிளேடைப் பின்பற்றி மாறியது. 2009-ல் மார்வெல் ஸ்டூடியோவின் எழுத்தாளர் பயிற்சித் திட்டத்தில் சேர்ந்த நிக்கோல் பெர்ல்மன், முன்வைக்கப்பட்ட தலைப்புகளிலிருந்து 'கார்டியன்ஸ் ஆஃப் த கேலக்ஸி'யைத் தேர்ந்தெடுத்தார். காமிக்ஸ் கடைக்கு வெளியே யாரும் கேள்விப்படாத பெயர். 2014-ல் ஜேம்ஸ் கன்னோடு அவர் பெயரும் திரையில் வந்தது. மார்வெல் ஸ்டூடியோ படமொன்றின் திரைக்கதையில் பெயர் பெற்ற முதல் பெண் அவர்.

புகழ்பெற்ற கதையை எடுத்துக்கொண்டு அதை உள்ளிருந்து திருப்பிப்போட்டதற்கு, கிறிஸ்டோபர் மார்கஸும் ஸ்டீஃபன் மெக்ஃபீலியும் எழுதிய 'கேப்டன் அமெரிக்கா: சிவில் வார்' ஒரு பாடம். 2006-ல் தொடங்கிய காமிக்ஸில் சூப்பர் ஹீரோக்கள் தங்கள் ரகசிய அடையாளத்தை அரசிடம் பதிந்துகொள்ள வேண்டும் என்று சட்டம் வருகிறது. மார்வெல் உலகமே இரண்டாகப் பிளக்கிறது. 2016 படத்தில் அந்தப் பிரச்சினையே எழ முடியாது, ஏனென்றால் படங்களில் வரும் வீரர்களில் பெரும்பாலோருக்கு ரகசிய அடையாளமே கிடையாது. ஐ.நா. மேற்பார்வை என்று சட்டத்தை மாற்றினார்கள். அது மேற்பூச்சுதான். அசல் மாற்றம் கடைசியில் வருகிறது. சைபீரியாவில் ஒரு பாழடைந்த கூடம். ஒரு பழைய கண்காணிப்புக் கேமராப் பதிவு. தன் தாய் தந்தையைக் கொன்றது யார் என்பதை 'அயர்ன் மேன்' டோனி அதில் பார்க்கிறான். கொன்றவன் பக்கத்தில் நிற்கிறான், உண்மை தெரிந்திருந்தும் மறைத்த நண்பன் கேப்டன் அமெரிக்காவும் நிற்கிறான். டோனி கேட்பது ஒரே கேள்வி: உனக்குத் தெரியுமா? சட்டமும் கொள்கையும் அங்கே கரைந்து மூன்று பேரின் சண்டையாகிறது. காமிக்ஸில் அத்தனை வீரர்களையும் ஒரே விரிபக்கத்தில் நிறுத்தி ஒரு பார்வையில் வாசகரை மிரட்டிவிடலாம். திரையில் அந்தக் கூட்டம் சில நிமிடங்களில் சலிப்புத் தட்டிவிடும். இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருப்பவருக்கு ஒருவனுடைய துரோகம் வேண்டும்.

இவ்வளவு உழைப்பும் திரையில் ஒரு வரிப் பெயராகத்தான் வருகிறது. அந்த வரிக்காக நடக்கும் போராட்டம் பலருக்குத் தெரியாது. 'சூப்பர்மேன்' படத்துக்கு மரியோ பூஸோ எழுதியது இரண்டு பாகங்களுக்கான மிகப் பெரிய பிரதி. டேவிட் நியூமன், லெஸ்லி நியூமன், ராபர்ட் பென்டன் அதைத் திருத்தினார்கள். இயக்குநர் ரிச்சர்ட் டானர் வந்ததும் டாம் மேன்கிவிட்ஸ் அடியோடு மாற்றி எழுதினார். திரைக்கதையில் அவர் பெயர் வரவில்லை. 'படைப்பாலோசகர்' என்ற தனித் தலைப்பில்தான் வந்தது. 1989-ன் 'பேட்மேன்' படத்துக்கு எழுதிய சாம் ஹாம், 1988-ன் எழுத்தாளர் வேலைநிறுத்தம் காரணமாகத் தொடர முடியாமல் போனார். வாரன் ஸ்காரன் திருத்தினார். ஒரு பத்திரிகையாளரை வீட்டுப் பணியாளர் ஆல்ஃபிரட் நேராகப் பேட்மேனின் குகைக்குள் கூட்டிக்கொண்டு வரும் காட்சியை ரசிகர்கள் மன்னிக்கவே இல்லை. அது தன் எழுத்தல்ல என்று ஹாம் பேட்டிகளில் சொல்ல வேண்டியிருந்தது. பெயர் அவருடையதாக இருப்பதால் திட்டும் அவருக்குத்தான்.

அமெரிக்க எழுத்தாளர் சங்கத்தின் விதிகள் இதற்கு ஓர் ஒழுங்கைக் கொடுக்கின்றன. சர்ச்சை எழுந்தால், சங்கத்தைச் சேர்ந்த மூவர் எல்லா வரைவுகளையும் வாசித்துத் தீர்ப்புச் சொல்கிறார்கள். எழுதியவர்களின் பெயர் அவர்களுக்குத் தெரியாது. வரைவுகள் முதல் எழுத்தாளர், இரண்டாம் எழுத்தாளர் என்ற அடையாளத்தோடுதான் போகும். தழுவல் படத்தில் திரைக்கதைக்குப் பெயர் பெற, இறுதிப் பிரதியில் ஒருவருடைய பங்கு 33 விழுக்காட்டுக்கு மேல் இருக்க வேண்டும். இருபது காட்சிகளுக்கு உயிர் கொடுத்தவர் பெயரே இல்லாமல் போக அது போதும். பெயர்களுக்கு நடுவே உள்ள குறிக்கும் பொருள் உண்டு. '&' என்ற குறி இருந்தால் இருவரும் சேர்ந்து எழுதினார்கள். 'அண்ட்' என்று எழுத்தில் இருந்தால் ஒருவர் எழுதியதன்மேல் மற்றவர் தனியாக எழுதினார். 2017-ன் 'லோகன்' படத்தில் இரண்டுமே உண்டு: ஸ்காட் ஃபிராங்க் & ஜேம்ஸ் மேன்கோல்ட், அதன் பிறகு 'அண்ட்' போட்டு மைக்கேல் கிரீன். அந்த மூவருக்கும் தழுவல் திரைக்கதைக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. காமிக்ஸ் சூப்பர் ஹீரோ படமொன்று அந்தப் பிரிவில் நுழைந்தது அதுவே முதல்முறை.

ஆனால் பெயர் பற்றிய நியாயம் பேசும்போது திரைக்கதையாசிரியரோடு நிறுத்த முடியாது. ஜெர்ரி சீகலும் ஜோ ஷூஸ்டரும் 1938-ல் சூப்பர்மேனின் உரிமையை 130 டாலருக்கு விற்றார்கள். 1975-ல், படத் தயாரிப்பு பெரும் செய்தியாகி, ஓவியர் நீல் ஆடம்ஸ் உள்ளிட்டோர் பொதுவெளியில் போராடிய பிறகுதான் அந்த முதியவர்களுக்கு ஆளுக்கு ஆண்டுக்கு 20,000 டாலர் ஓய்வூதியமும் படைப்பாளர் என்ற பெயரும் கிடைத்தன. நான் மேலே விவரித்த பேட்மேனின் இரண்டு பக்கக் கதை பில் ஃபிங்கர் எழுதியதாகவே கருதப்படுகிறது. அவர் 1974-ல் இறந்தார். 2005-ல் 'பேட்மேன் பிகின்ஸ்' ஓடியபோது உருவாக்கியவர் என்று ஓவியர் பாப் கேனின் பெயர் மட்டுமே திரையில் இருந்தது. ஃபிங்கரின் பெயரைச் சேர்க்கும் முடிவு வந்தது 2015-ல். தன் பிளேடு பாத்திரத்துக்காக மார்வ் வுல்ஃப்மன் மார்வெல்மீது வழக்குத் தொடுத்து 2000-ல் தோற்றார். ஆலன் மூர் தன் கதைகளைத் தழுவிய படங்களில் தன் பெயரே வேண்டாம் என்றார். தனக்குரிய பணத்தையும் ஓவியர்களுக்கே கொடுக்கச் சொன்னார். அதனால் 'வாட்ச்மென்' படத்தில் டேவ் கிப்பன்ஸ் பெயர் இருக்கிறது, எழுதியவர் பெயர் இல்லை.

மூரின் கோபம் நியாயமானது என்று நினைக்கிறேன். அந்தக் கோபம் ஹெய்ட்டரைப் போன்றவர்கள்மீது திரும்பும்போது உடன்பட முடியவில்லை. ஒப்பந்தத்தில் ஏமாற்றியது எழுத்தாளர் அல்ல. அவரும் உரிமையில்லாத ஒன்றுக்காகக் கூலிக்கு எழுதுகிறவர்தான். நாளை அவருடைய பக்கங்களையும் இன்னொருவர் திருத்துவார். ஆனாலும் மூலப் படைப்பாளியின் பெயரை உரக்கச் சொல்லும் கடமை அவருக்கு நிச்சயம் உண்டு. பேட்டி கொடுக்கும்போது, மேடை ஏறும்போது, எந்த இதழிலிருந்து எதை எடுத்தேன் என்று சொல்வதற்கு எந்த ஒப்பந்தமும் தடையில்லை.

இந்தத் தொழிலுக்கு வர விரும்பும் இளையவர்களுக்கு நான் முதலில் பார்க்கச் சொல்லும் படத்தில் சூப்பர் ஹீரோவே கிடையாது. 2003-ல் ஷாரி ஸ்பிரிங்கர் பெர்மனும் ராபர்ட் புல்சினியும் எழுதி இயக்கிய 'அமெரிக்கன் ஸ்பிளெண்டர்'. கிளீவ்லாந்தின் முன்னாள் படைவீரர் மருத்துவமனையில் கோப்புகளை அடுக்கும் எழுத்தராக இருந்த ஹார்வி பீகார், தன் அன்றாட வாழ்க்கையையே 1976 முதல் காமிக்ஸாக எழுதினார். அவருக்கு வரையத் தெரியாது. ராபர்ட் கிரம்ப் தொடங்கி வேறு வேறு ஓவியர்கள் வரைந்தார்கள். அதனால் ஒரு கதையில் ஹார்வி மயிரடர்ந்த முரட்டு ஆள், இன்னொன்றில் கூன் விழுந்து வியர்த்து வடியும் மனிதர். வாசகருக்கு அது இயல்பாகப் பழகிவிடும். படத்தில் ஒரு நடிகரைப் போட்டவுடன் ஹார்விக்கு ஒரே முகம் வந்துவிடுமே, என்ன செய்வது?

அவர்கள் கண்ட வழி இது. பால் ஜியமாட்டி ஹார்வியாக நடிக்கிறார். உண்மையான ஹார்வி பீகாரே பின்னணிக் குரல் கொடுக்கிறார், இடையிடையே திரையிலும் வந்து பேசுகிறார். கடிதங்கள் வழியே மட்டும் அவரை அறிந்த ஜாய்ஸ் முதல்முறை கிளீவ்லாந்தில் வந்து இறங்குகிறாள். எந்த ஹார்வி வந்து நிற்பார் என்று தெரியாத அவள் கண்களுக்கு, ஒவ்வோர் ஓவியரும் வரைந்த ஹார்வி ஒவ்வொருவராகத் தெரிகிறார்கள். இன்னொரு இடத்தில் நடித்துக்கொண்டிருந்த ஜியமாட்டி காட்சியை விட்டு இறங்கி நாற்காலியில் உட்கார்ந்துகொள்கிறார். அசல் ஹார்வியும் அவருடைய அசல் நண்பரும் மிட்டாயைப் பற்றி அரட்டை அடிப்பதை அவர் பின்னாலிருந்து ரசித்துச் சிரிக்கிறார். நடித்தவரும் நடிக்கப்பட்டவரும் ஒரே சட்டத்துக்குள், காமிக்ஸ் பக்கத்தின் அடுத்தடுத்த கட்டங்களைப் போல. மூலத்தின் ஒரு பக்கத்தைக்கூட அப்படியே நகலெடுக்காமல், அந்தக் காமிக்ஸை வாசிக்கும் அனுபவத்தைத் திரைக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். எழுதிய ஹார்வியையும் வெளியே நிறுத்தவில்லை. படம் சன்டான்ஸ் விழாவில் பெரும் பரிசு பெற்றது, 2004-ல் தழுவல் திரைக்கதைக்கான ஆஸ்கர் பரிந்துரையும் கிடைத்தது. ஒரு காமிக்ஸ் தொகுப்பையும் இந்தப் படத்தையும் அடுத்தடுத்து எடுத்துக்கொண்டு, எந்தக் காட்சி எந்தக் கதையிலிருந்து வந்தது, எந்தக் காட்சிக்கு மூலமே கிடையாது என்று குறித்துக்கொண்டே பாருங்கள்.